கப் தீர்ந்துபோச்சாம்!

"அடடா, கப் தீர்ந்துபோச்சே!" என்றார் அந்த அக்கா.

அவர் மடியில் பை திறந்தே கிடந்தது. உறை பாதி கிழிந்த பேப்பர் கப் அடுக்கு அதற்குள் துருத்திக்கொண்டு நின்றது. என் பதினொரு வயது மகள் அதைப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள். "அம்மா, அங்க நிறைய இருக்கேம்மா" என்றாள், எல்லோருக்கும் கேட்கும்படி. யாரும் வாய் திறக்கவில்லை. பிளாஸ்க் மூடியைத் திருகும் சத்தம் மட்டும் கேட்டது.

இது எங்கே நடந்தது தெரியுமா? அமெரிக்காவின் அலபாமா மாநிலம், பர்மிங்காம் நகரம், கெல்லி இங்ரம் பூங்கா. 1963 மே மாதம் கறுப்பினப் பிள்ளைகள் மேல் போலீஸ் நாய்களை ஏவிவிட்ட அதே இடம். அந்தப் பிள்ளைகளுக்காகச் சற்று முன்னால் கண்ணைத் துடைத்துக்கொண்ட கைதான் அந்த பிளாஸ்கை மூடியது. மூன்று வாரமாகிறது. எனக்கு இன்னும் நெஞ்சு ஆறவில்லை.

அட்லாண்டாவிலிருந்து நான்கு தமிழ்க் குடும்பங்கள் சேர்ந்து போனோம். பிள்ளைகளுக்கு வரலாறு தெரியட்டும் என்று நடைச் சுற்றுலாவுக்குப் பதிவு செய்திருந்தார்கள். நானும் மகளும் அவர்களுக்குப் புதிது. தெரிந்தவர் ஒருவர் மூலம் சேர்ந்துகொண்டோம். காலையில் காரை நிறுத்தி இறங்கியதும் முதல் கப் டீயை எனக்குத்தான் நீட்டினார் அந்த அக்கா. "குடிங்க தங்கச்சி, இஞ்சி தட்டிப் போட்டிருக்கேன்" என்றார். அந்த ஒரு வார்த்தையில் எனக்கு ஊர் ஞாபகமே வந்துவிட்டது.

எங்களை அழைத்துப் போன வழிகாட்டி, அந்த ஊரிலேயே பிறந்து வளர்ந்த வயதான கறுப்பினப் பெண்மணி. ஒவ்வோர் இடத்திலும் நின்று, கைத்தடியால் தரையை ஒரு தட்டு தட்டி, "இங்கேதான்" என்று சொல்லிவிட்டுத்தான் கதையை ஆரம்பிப்பார்.

முதலில் சிவில் உரிமை அருங்காட்சியகம். உள்ளே இரண்டு குடிநீர்க் குழாய்கள் பக்கத்தில் பக்கத்தில் நிற்கின்றன. ஒன்று வெள்ளையருக்கு, மற்றது கறுப்பருக்கு. இந்த ஊரில் கறுப்பரும் வெள்ளையரும் சேர்ந்து சீட்டு ஆடுவதும், தாயக்கட்டை உருட்டுவதும், பலகையில் காய் நகர்த்துவதும்கூடச் சட்டப்படி குற்றமாக இருந்திருக்கிறது. நீதிமன்றம் பூங்காக்களை எல்லோருக்கும் திறக்கச் சொன்னபோது, கறுப்பர் வந்து உட்காருவதைவிட யாருமே உட்கார வேண்டாம் என்று 1962இல் பூங்காக்களையே மூடிவிட்டார்கள். அக்காவின் கணவர் தன் மகளின் தோளைப் பிடித்துக்கொண்டு அந்தக் குழாய்களைக் காட்டினார். "பாரும்மா, தண்ணி குடிக்கிறதுல கூடப் பிரிச்சு வெச்சிருந்தாங்க. எவ்வளவு மோசமான மனுஷங்க!"

நான் பேசாமல் நின்றேன். எங்கள் ஊர் டீக்கடையில் என் அப்பாயிக்குக் கொட்டாங்குச்சியில் டீ ஊற்றிய கதையை அப்போதே சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. அந்தக் காலை அவ்வளவு நன்றாக இருந்தது.

எதிரே 16ஆவது தெரு பாப்டிஸ்ட் தேவாலயம். வழிகாட்டி அம்மா பக்கவாட்டுச் சுவர் ஓரம் நின்று தரையைத் தட்டினார். "இங்கேதான்." 1963 செப்டம்பர் 15, ஞாயிற்றுக்கிழமை காலை 10.22. வெள்ளை இனவெறிக் கும்பலான கூ கிளக்ஸ் கிளான் படிக்கட்டுக்கு அடியில் வைத்த டைனமைட் வெடித்தது. அடித்தளத்தில் பெண்களுக்கான அறையில் அன்றைய ஆராதனைக்குத் தயாராகிக்கொண்டிருந்தார்கள் சிறுமிகள். ஆடி மே காலின்ஸ், சிந்தியா வெஸ்லி, கரோல் ராபர்ட்சன் மூவருக்கும் 14 வயது. டெனிஸ் மெக்நெயருக்கு 11. டெனிஸின் கவுன் இடுப்புப் பட்டையை ஆடி மே கட்டிவிட்டுக்கொண்டிருந்த நேரம். நால்வரும் போய்விட்டார்கள். கை கழுவும் தொட்டியருகே நின்ற ஆடி மேயின் தங்கை சாராவுக்கு ஒரு கண் போனது. அதே நாளில் அதே ஊரில் இன்னும் இரண்டு கறுப்பினப் பையன்கள் சுடப்பட்டுச் செத்தார்கள். குண்டு வைத்தவர்களில் ஒருவனைத் தண்டிக்க 1977 வரை ஆனது. அடுத்த இருவருக்கு 2001, 2002. நான்காமவன் வழக்கையே பார்க்காமல் செத்துப்போனான்.

பதினொரு வயது என்றதும் என் மகள் கை என் கைக்குள் வந்தது. அக்காவும் அழுதார், அவர் கணவரும் அழுதார். அந்தக் கண்ணீர் பொய் என்று நான் சொல்ல மாட்டேன். அது மெய்யான கண்ணீர். அதுதான் எனக்குத் தாங்கவில்லை. கல் நெஞ்சக்காரர் செய்தால் கல் என்று விட்டுவிடலாம். அழத் தெரிந்தவர்கள் செய்தால் எங்கே போய் முட்டிக்கொள்வது?

தேவாலயத்திலிருந்து பூங்காவுக்குத் தெருவைக் கடக்கும்போதுதான் அக்காவின் கணவர், அந்த அண்ணன், பேச்சுக் கொடுத்தார்.

"உங்களுக்கு எந்த ஊரும்மா?"

"மன்னார்குடி பக்கம்ணா."

"அட, நமக்கும் அந்தப் பக்கம் சொந்தம் இருக்கு. மன்னார்குடியில எங்க?"

"பக்கத்துல ஒரு கிராமம்."

"கிராமத்துல எந்தத் தெரு?"

ஒரு நொடி யோசித்தேன். மறைத்தால் மறைத்திருக்கலாம். பல பேர் மறைத்துத்தான் இந்த நாட்டில் வாழ்கிறார்கள். அந்த நாலு பிள்ளைகள் செத்த வாசலில் நின்றுகொண்டு பொய் சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

"தெரு இல்லண்ணா. காலனி."

"ஓ... சரி சரி" என்றார். நடையின் வேகத்தைக் கூட்டி மனைவி பக்கம் போய்விட்டார்.

பூங்காவில் ஒரு நடைபாதை இருக்கிறது. இரண்டு பக்கமும் சுவர். சுவரிலிருந்து இரும்பு நாய்கள் பல்லைக் காட்டிக்கொண்டு பாதைக்குள் பாய்கின்றன. அவற்றுக்கு நடுவே போய்த்தான் ஆக வேண்டும். அங்கே நின்று வழிகாட்டி அம்மா சொன்னார்: மே 2ஆம் தேதி பள்ளிப் பிள்ளைகள் ஆயிரம் பேருக்கு மேல் அந்தத் தேவாலயத்திலிருந்து அணி அணியாகக் கிளம்பினார்கள். பெரியவர்கள் போனால் வேலை போகும், வீடு போகும் என்பதால் பிள்ளைகள் போனார்கள். பிடித்துச் சிறையில் அடைத்தார்கள். மறுநாளும் வந்தார்கள். காவல் துறையும் தீயணைப்புத் துறையும் நகர ஆணையர் புல் கானர் கையில் இருந்தன. மரப்பட்டையை உரித்துவிடும் வேகத்தில் பிள்ளைகள் மேல் தண்ணீரைப் பீய்ச்சினார்கள், நாய்களை விட்டார்கள். சிறையில் இடம் போதாமல் பொருட்காட்சித் திடலையே சிறையாக்கினார்கள். அந்தப் படங்களைப் பார்த்து உலகமே பதறியது. மறு வருடம், 1964 ஜூலை 2ஆம் தேதி, சிவில் உரிமைச் சட்டம் வந்தது.

இதைக் கேட்டு முடித்துவிட்டுத்தான் நான்கு சிறுமிகளின் வெண்கலச் சிலைகளுக்குப் பக்கத்துப் பெஞ்சில் டீ குடிக்க உட்கார்ந்தோம். அங்கேதான் கப் தீர்ந்துபோனது.

ஒரு கப் டீக்கு இவ்வளவு ஆர்ப்பாட்டமா என்று கேட்பீர்கள். கேட்டும் விட்டார்கள். கூட வந்தவர்களில் ஒருவர் அன்று இரவு போனில், "மறந்திருப்பாங்க, விட்டுடுங்க, இதையெல்லாம் பெரிசுபடுத்தாதீங்க" என்றார். மகள் கப் இருக்கிறது என்று சொன்னபோது அவர் காதிலும் அது விழுந்தது. உடனே செல்போனைக் குனிந்து பார்க்க ஆரம்பித்தவர் அவர்.

மார்ட்டின் லூதர் கிங் இதே ஊர்ச் சிறையில், 1963 ஏப்ரலில், செய்தித்தாளின் ஓரங்களில் ஒரு கடிதம் எழுதினார். பொறுமையாக இருங்கள் என்று புத்தி சொன்ன எட்டு வெள்ளை மதகுருமார்களுக்கு எழுதிய பதில் அது. வெறிபிடித்தவனைவிட, நியாயத்தைத் தள்ளி வைத்துவிட்டு அமைதியைக் கேட்கும் நல்லவன்தான் தன் மக்களுக்குப் பெரிய தடை என்ற முடிவுக்குத் தான் வந்துகொண்டிருப்பதாக அதில் எழுதினார். அந்தச் சிறை அறையின் கதவை அருங்காட்சியகத்தில் பார்த்தோம். கூட்டமாக நின்று படம் எடுத்துக்கொண்டோம்.

அந்தக் கடிதத்தில் இன்னோர் இடம் உண்டு. விளம்பரத்தில் பார்த்த கேளிக்கைப் பூங்காவுக்குக் கூட்டிப்போகச் சொல்லி ஆறு வயது மகள் கேட்கிறாள். கறுப்புப் பிள்ளைகளுக்கு அங்கே இடமில்லை என்று சொல்ல வரும்போது தகப்பனுக்கு நாக்கு குழறுகிறது. அந்த வரிகளைக் கல்லூரியில் படித்தேன். காரில் திரும்பி வரும்போதுதான் எனக்குப் புரிந்தது.

"அவங்க ஏம்மா அப்படிச் சொன்னாங்க?"

என்ன சொல்வேன்? இந்த மண்ணிலேயே பிறந்தவள் அவள். காலனி என்ற சொல்லை அன்றுவரை அவள் கேட்டதே இல்லை. அதை அவளுக்குச் சொல்லாமல் வளர்க்கலாம் என்றுதானே கடல் தாண்டி வந்தேன்!

நாம் எப்படி வந்தோம் என்று எப்போதாவது யோசித்தீர்களா, அக்கா? 1923இல் பகத் சிங் திந்த் என்ற பஞ்சாபிக்காரரின், முதல் உலகப் போரில் அமெரிக்க ராணுவச் சீருடை போட்டவரின், குடியுரிமை வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. நான் உயர்ந்த சாதி, கலப்பில்லாத ஆரியன், ஆகவே நானும் வெள்ளையன்தான் என்பது அங்கே அவர் தரப்பு வாதம். நீ வெள்ளையன் இல்லை என்று நீதிமன்றம் அனுப்பிவிட்டது. எந்த உயர்ந்த சாதியும் இந்த நாட்டுக் கதவைத் திறக்கவில்லை. 1946இல் ஆண்டுக்கு நூறு இந்தியர் என்று ஓர் இடுக்கு திறந்தது. முழுக் கதவு திறந்தது 1965 அக்டோபர் 3ஆம் தேதி, பிறந்த நாட்டைப் பார்த்து ஆள் எடுக்கும் முறையைப் புதிய குடியேற்றச் சட்டம் ஒழித்தபோது. தோலைப் பார்த்து மனிதரைப் பிரிக்கக் கூடாது என்று இந்தத் தேசத்தை ஒப்புக்கொள்ள வைத்த போராட்டம்தான் அந்தச் சட்டத்துக்கும் வழி வகுத்தது. நம் விசாவில் தூதரக முத்திரை இருக்கும். அதற்கு அடியில் இந்தப் பூங்காவில் நாய்க்கடி வாங்கிய பிள்ளைகளின் ரத்தம் இருக்கிறது.

அவர்கள் திறந்த கதவு வழியாகத்தான் நீங்களும் வந்தீர்கள், நானும் வந்தேன். நான் என் சான்றிதழ்களைக் கொண்டுவந்தேன். நீங்கள் ஏன் அந்தத் தனிக் குவளையையும் பெட்டியில் வைத்து எடுத்துவந்தீர்கள்?

கறுப்பின மக்களுக்கு நம்மைத் தெரியும். 1959இல் கிங் இந்தியாவுக்கு வந்தபோது, திருவனந்தபுரத்தில் ஒரு பள்ளியில், தலித் பிள்ளைகள் முன்னால், அமெரிக்காவிலிருந்து வந்திருக்கும் உங்களைப் போன்ற தீண்டப்படாதவர் என்று தன்னை அறிமுகப்படுத்தினார்கள் என்று அவரே பின்னாளில் பிரசங்கத்தில் சொன்னார். முதலில் அவருக்குச் சுருக்கென்றதாம். பிறகு தன் மக்களின் நிலையை நினைத்துப் பார்த்து, ஆமாம், நான் தீண்டப்படாதவன்தான் என்று ஏற்றுக்கொண்டாராம். அவர் எங்களை ஏற்றுக்கொண்டார். நீங்கள் அவர் படத்தை வீட்டில் மாட்டுகிறீர்கள். எங்களுக்கு ஒரு கப் இல்லை.

2023 பிப்ரவரியில் சியாட்டில் நகரம் சாதிப் பாகுபாட்டைச் சட்டம் போட்டுத் தடுத்தது. அதே ஆண்டு கலிபோர்னியா சட்டமன்றம் ஒரு மசோதா நிறைவேற்றியது. அக்டோபரில் ஆளுநர், இருக்கிற சட்டமே போதும் என்று கையெழுத்துப் போட மறுத்தார். அமெரிக்காவில் சாதியே கிடையாது, எங்களை ஏன் அவமானப்படுத்துகிறீர்கள் என்று அந்த மசோதாவுக்கு எதிராகக் கத்தியவர்களும் நம் ஆட்கள்தான். கிடையாதா? அப்படியென்றால் எந்தத் தெரு என்று ஏன் கேட்டீர்கள்?

உங்கள் பரிதாபம் எனக்கு வேண்டாம். மன்னிப்புக் கேட்டு போன் செய்ய வேண்டாம். உங்கள் மகளிடம் உண்மையைச் சொல்லுங்கள். அந்தக் குழாய்களைக் காட்டி, மோசமான மனுஷங்க என்று சொன்னீர்களே அண்ணா, நம் வீட்டிலும் அது இருந்தது, இப்போதும் இருக்கிறது, அன்றைக்கு அம்மா பையில் கப் இருந்தது என்று சொல்லுங்கள். அவளும் அந்தப் பெஞ்சில்தான் உட்கார்ந்திருந்தாள். அவளும் பார்த்தாள்.

என் மகளுக்கு நான் சொல்லிவிட்டேன். அப்பாயியின் கொட்டாங்குச்சியிலிருந்து ஆரம்பித்து, ஒன்று விடாமல் சொன்னேன். வெகு நேரம் கார்க் கண்ணாடி வழியாக வெளியே பார்த்துக்கொண்டே வந்தாள். பிறகு கேட்டாள்: "இதை நாம அந்தப் பாட்டிகிட்ட ஏம்மா சொல்லல?"

சொல்லியிருக்க வேண்டும். அந்த அம்மா தினமும் தன் ஊரின் காயத்தை ஊர் பேர் தெரியாதவர்களுக்குக் காட்டுகிறார். கூச்சப்படுவதில்லை, ஓர் இடத்தையும் தாண்டிப் போவதில்லை. தட்டிக் காட்டாவிட்டால் எதுவும் நடக்கவில்லை என்று சொல்லிவிடுவார்கள் என்பது அவருக்குத் தெரியும். எனக்கு அன்று வாய் வரவில்லை. இன்று வருகிறது.

கெல்லி இங்ரம் பூங்கா. நான்கு சிறுமிகளின் சிலைக்குப் பக்கத்துப் பெஞ்சு. ஒரு பதினொரு வயதுப் பிள்ளை, பை நிறையக் கப் இருந்தும் தன் அம்மாவுக்கு ஒன்று கொடுக்காததைப் பார்த்தாள்.

இங்கேதான்.