பொறுப்பை ஏற்பவர் யார்?

பாடசாலை ஒன்றிலே சாரணர் துருப்பு நடக்கிறது. சனிக்கிழமை காலையில் கொடி ஏறுகிறது. சிறுவர் அணியணியாக நின்று உறுதிமொழி கூறுகின்றனர். முடிச்சுப் போடவும், காயத்துக்குக் கட்டுப்போடவும், திசையறிந்து நடக்கவும் பழகுகின்றனர். இவற்றையெல்லாம் நடத்தும் ஆசிரியர் வெளிமாவட்டத்தைச் சேர்ந்தவர். சேவைக்காலம் முடிந்து அவருக்கு இடமாற்றம் வருகிறது. பிரியாவிடைக் கூட்டம் நடக்கிறது, மாலை விழுகிறது, புகைப்படம் எடுக்கப்படுகிறது. அடுத்த மாதம் கொடி அலுமாரிக்குள்ளே போய்விடுகிறது. சின்னம் பெறுவதற்கு இன்னும் இரண்டே சோதனைகள் மீதியிருந்த சிறுவன், சீருடையை மடித்துப் பெட்டியில் வைத்துவிட்டுத் தனியார் வகுப்புக்குப் போகிறான்.

இக்கதை மன்னாருக்குப் புதியதன்று. குற்றம் போன ஆசிரியருடையதுமன்று. சம்பளத்துக்கு மேலான வேலையைச் சம்பளமின்றிச் செய்தவர் அவர். அவர் இருந்த காலத்தில் அவருக்குத் தோள் கொடுக்க இவ்வூரவர் எத்தனை பேர் முன்வந்தோம் என்பதே நாம் எம்மை நாமே கேட்டுக்கொள்ள வேண்டிய கேள்வி.

சாரணீயம் பிறந்ததும் ஒரு தீவிலேதான். 1907ஆம் ஆண்டு ஓகஸ்ட் மாதத்தில் பேடன் பவல் என்னும் ஆங்கிலத் தளபதி, பிரவுன்சித் தீவிலே சுமார் 20 சிறுவரைக் கூட்டிப் பாசறை நடத்தினார். அவர்களிற் செல்வந்தர் வீட்டுப் பிள்ளைகளும் இருந்தனர். உழைப்பாளர் வீட்டுப் பிள்ளைகளும் இருந்தனர். அவர் அவர்களை நான்கு அணிகளாகப் பிரித்து, ஒவ்வோர் அணிக்கும் ஒரு மூத்த சிறுவனைத் தலைவனாக்கினார். சிறுவனைச் சிறுவனே வழிநடத்துவது, முதியவர் பின்னின்று காவலும் துணையும் ஆவது என்னும் முறையே இன்றுவரை இவ்வியக்கத்தின் உயிர்நாடி. ஐந்து ஆண்டுகளுக்குள், 1912இல், எப். ஜி. ஸ்டீவன்ஸ் என்பவர் மாத்தளையிலே இலங்கையின் முதற்றுருப்பைத் தொடங்கினார். பெண் சாரணீயம் 1917இல் கண்டியிலே வேரூன்றியது. 1957ஆம் ஆண்டின் 13ஆம் இலக்கச் சட்டம் சாரணர் சங்கத்துக்குச் சட்டவுருவம் அளித்தது.

அதே 1957இலேதான் பண்டாரநாயக்கா–செல்வநாயகம் ஒப்பந்தமும் கைச்சாத்தாயிற்று. ஒப்பந்தம் ஓராண்டு நிறையுமுன் கிழித்தெறியப்பட்டது. சாரணர் சங்கமோ நிலைத்து நிற்கிறது. கிழிக்கப்பட்டதற்காக எழுபது ஆண்டுகளாகப் போராடிவரும் நாம், நிலைத்திருப்பதில் எமது பிள்ளைகளுக்குள்ள பங்கைக் கேட்டுப் பெறாமல் விடுவது எவ்வகை அரசியல்?

சாரணத் தலைமை என்றவுடன் சீருடையும் ஊதுகுழலும் மட்டுமே எம்மவர் கண்முன் வருகின்றன. உண்மையில் ஒரு குழு ஒழுங்காக நடக்கப் பலவகைப் பொறுப்புக்கள் தேவை. துருப்பை நேரில் நடத்தும் சாரணத் தலைவர் ஒருவர். அவருக்கு உதவித் தலைவர் ஒருவரேனும். குருளைச் சாரணரான சிறு பிள்ளைகளைக் கவனிக்கப் பொறுமையுள்ள ஒருவர். இவர்களையெல்லாம் இணைத்துக் குழு முழுவதற்கும் பொறுப்பாக நிற்கும் குழுத் தலைவர். இவர்களுக்குப் பின்னே பெற்றோரும் ஊரவரும் கொண்ட ஓர் ஆதரவுச் சபை வேண்டும். கணக்கு வைப்பது, கூடாரமும் கயிறும் வாங்குவது, பாசறைக்கு இடம் பார்ப்பது, பெற்றோரின் எழுத்துமூலச் சம்மதம் பெறுவது ஆகியவை அச்சபையின் வேலை. குழுக்களுக்கு மேலே மாவட்ட ஆணையாளரும் அவருடைய உதவியாளரும் உள்ளனர். பயிற்சி கொடுப்பதும், சோதனை நடத்துவதும், குழு தளரும்போது தாங்குவதும் அவர்கள் கடமை. ஆணையாளர் முதல் குருளைத் தலைவர் வரை இவை யாவும் தொண்டர் பணிகளே. சம்பளம் பெறும் உத்தியோகங்கள் அல்ல.

இத்தனை பொறுப்புக்களையும் ஓர் ஆசிரியரின் தலையிலே ஏற்றிவைத்துவிட்டு, அவர் போனவுடன் எல்லாம் போய்விட்டதென்று அங்கலாய்க்கிறோம்.

கட்டுக்கரைக் குளத்தின் கீழ் கமம் செய்யும் அன்பர்களுக்கு நாம் இதை விரித்துரைக்க வேண்டியதில்லை. அருவியாற்று நீர் தேக்கத்தில் மறிக்கப்பட்டுக் குளத்துக்கு வருகிறது. குளத்திலிருந்து வாய்க்கால் வழியாக வயலுக்குப் பாய்கிறது. விதைப்புக்கு முன்பே கூட்டம் கூடி, எத்தனை ஏக்கர், எந்த நாளில் தண்ணீர், எந்த வாய்க்காலை யார் துப்புரவு செய்வது என்றெல்லாம் தீர்மானிக்கிறோம். துருசைத் திறப்பவர் நோயுற்றால் இன்னொருவர் திறக்கிறார். ஒருவர் ஊரை விட்டுப் போனார் என்பதற்காக எந்தக் கமக்காரனும் வயலைக் காயவிட்டதில்லை. நெல்லுக்குக் காட்டும் இந்த முன்யோசனையைப் பிள்ளைகளுக்கு ஏன் காட்டவில்லை?

நேரமில்லை என்பது முதல் மறுமொழி. கிழமைக்கு இரண்டு மணி நேரமும், ஆண்டுக்கு ஒரு பாசறையும் ஒரு மனிதனிடம் கேட்பது அதிகமன்று. எல்லோரும் சீருடை அணியவேண்டிய அவசியமும் இல்லை. வைத்தியர் ஆண்டுக்கு இருமுறை வந்து முதலுதவி கற்பிக்கலாம். சட்டத்தரணி சபையின் விதிகளைச் சீர்செய்து தரலாம். வங்கி உத்தியோகத்தர் கணக்கைப் பார்க்கலாம். நில அளவையாளர் வரைபடம் வாசிக்கப் பழக்கலாம். நானாட்டானிலும் முருங்கனிலும் கமம் செய்பவர் மண்ணையும் மரத்தையும் மழைக்குறியையும் அறிமுகஞ் செய்யலாம். பேசாலையிலும் வங்காலையிலும் கடலோடும் தந்தை போடும் முடிச்சுக்கு ஈடான முடிச்சு எந்தச் சாரணப் புத்தகத்திலும் இல்லை. எமக்கு அறிவுப் பஞ்சம் கிடையாது. பொறுப்பேற்கும் மனத்துக்கே பஞ்சம்.

நல்ல மனம் மட்டும் போதாது என்பதையும் அதே மூச்சில் சொல்லியாக வேண்டும். பிறர் பிள்ளையைக் கையேற்பவன் எல்லாவற்றுக்கும் கணக்குச் சொல்லக் கடமைப்பட்டவன். கடற்கரைப் பாசறையில் நீரில் இறங்கிய பிள்ளைகள் எத்தனை பேர், கரையேறியவர் எத்தனை பேர் என்று எண்ணாத தலைவன், எத்தனை பதக்கங்கள் அணிந்திருந்தாலும் தலைவன் அல்லன். போர் நடந்த மண்ணிலே நடைப்பயணம் போகும்போது, இனந்தெரியாத பொருள் எதையும் தொடக்கூடாதென்று முதலிலேயே எச்சரிக்காதவனும் அத்தகையவனே.

இவற்றிலும் பாரதூரமான ஒன்று உண்டு. அதைச் சொல்ல எம்மவர் கூசுவர். அமெரிக்காவின் சாரணர் சங்கம் 2020ஆம் ஆண்டு பெப்ரவரியில் வங்குரோத்து நிலையை அறிவித்து நீதிமன்றத்தின் பாதுகாப்பைக் கோரியது. சிறுவயதில் இயக்கத்துக்குள்ளே பாலியற் கொடுமைக்கு ஆளானோம் என்று 82,000க்கும் மேற்பட்டோர் முறையிட்டனர். சுமார் 246 கோடி டொலர் இழப்பீட்டுத் திட்டத்தை நீதிமன்றம் 2022இல் ஏற்றது. சந்தேகத்துக்கு உள்ளான தலைவர்களின் பெயர்கள் பல பத்தாண்டுகளாகச் சங்கத்தின் இரகசியக் கோப்புக்களிலே கிடந்தன என்பதுதான் அதில் மிகக் கொடியது. இயக்கத்தின் மானத்தைக் காப்பதாக எண்ணிப் பிள்ளைகளைக் காவாது விட்டனர். ஈற்றில் மானமும் போயிற்று.

அது தூரத்து நாட்டுக் கதையென்று நாம் இருந்துவிடலாகாது. வளர்ந்தவர் ஒருவர் தனித்து ஒரு பிள்ளையுடன் இருக்கலாகாது. பாசறையில் எப்போதும் இரு பெரியவர்களேனும் இருக்கவேண்டும். பிள்ளைகளின் கூடாரத்தில் பெரியவர் உறங்கலாகாது. தலைவராக வருபவர் எவராயினும் அவருடைய நடத்தையை விசாரித்த பின்னரே பொறுப்புக் கொடுக்கவேண்டும். இவ்விதிகள் எவரையும் அவமதிப்பன அல்ல. நல்ல தலைவனை வீண்பழியிலிருந்து காப்பனவும் இவையே. தவறு நேர்ந்தால் ஊர்ப்பெரியவர் கூடி மூடிமறைக்கும் வழக்கத்துக்கு இதில் இடமே இல்லை. 1998ஆம் ஆண்டின் 50ஆம் இலக்கச் சட்டத்தால் அமைந்த தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகார சபை இருக்கிறது. அதன் தொலைபேசி இலக்கம் 1929. ஒவ்வொரு சாரணனும் அவ்விலக்கத்தை மனப்பாடஞ் செய்திருக்க வேண்டும்.

அரசியல்வாதிகளுக்கும் ஒரு வார்த்தை. நாமும் அரசியற் பத்திரிகையே. ஆகையால் எம் பக்கத்தவரையும் சேர்த்தே சொல்கிறோம். பிரதம விருந்தினர் பத்து மணிக்கு வருவாரென்று எட்டு மணியிலிருந்து சாரணச் சிறுவரை மன்னார் வெயிலிலே நிறுத்திவைப்பதும், அவர் பதினொரு மணிக்கு வந்து மாலை வாங்கிக்கொண்டு போவதும் தலைமைத்துவப் பயிற்சி அல்ல. சாரணன் எவருடைய ஊர்வலத்துக்கும் அலங்காரம் அல்லன். சிவப்போ பச்சையோ நீலமோ மஞ்சளோ, எக்கட்சியின் மேடைக்கும் அச்சீருடையை அழைக்கலாகாது. அவ்வழைப்பை மறுக்கும் துணிவு தொண்டர் தலைவருக்கு வேண்டும். மறுத்தவரைப் பழிவாங்காத பெருந்தன்மை அழைத்தவருக்கு வேண்டும்.

அரசிடமும் சங்கத்தின் தலைமையகத்திடமும் நாம் கேட்பதற்கு உரிமையுள்ளது ஒன்றுண்டு. தமிழ் அரசகரும மொழி என்று 1987ஆம் ஆண்டின் பதின்மூன்றாம் திருத்தம் கூறுகிறது. ஆகவே, தலைவர்களுக்கான தருசின்னப் பயிற்சி முதற்கொண்டு எல்லாப் பயிற்சிகளும், கைந்நூல்களும், சுற்றறிக்கைகளும், சோதனைகளும் பிழையற்ற தமிழிலே, சிங்களத்தில் வெளியாகும் அதே நாளிலே கிடைக்கவேண்டும். மடுவிலும் முசலியிலும் உள்ள தொண்டர் ஒருவர் பயிற்சிக்காகத் தம் கைப்பணத்தைச் செலவிட்டுத் தூர ஊர்களுக்கு அலையாதபடி, பயிற்சியாளர் மாவட்டத்துக்கு வரவேண்டும். இதைச் சலுகையாக நாம் கேட்கவில்லை. ஆனால் பயிற்சியாளர் வந்திறங்கும் நாளில் மண்டபத்தில் ஐந்து பேர் மட்டும் இருந்தால், எமது கோரிக்கைக்கு என்ன மதிப்பு? உரிமை கேட்கும் குரலுக்குப் பலம் சேர்ப்பது பொறுப்பேற்கும் கையே.

மன்னாரின் தனித்தன்மையையும் இங்கே நினைக்கவேண்டும். திருக்கேதீச்சரமும் மடுத்திருப்பதியும் பள்ளிவாசல்களும் அணித்தணித்தே உள்ள மண் இது. 1990ஆம் ஆண்டு ஒக்டோபரில் முஸ்லிம் மக்கள் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்டது எமது வரலாற்றின் மாறாத வடு. மீண்டு வந்தவரின் பிள்ளையும், வன்னியில் எல்லாவற்றையும் இழந்து மீண்டவரின் பிள்ளையும், ஒரே மாவட்டத்தில் வெவ்வேறு பாடசாலைகளிலே ஒருவரையொருவர் அறியாமல் வளர்கின்றனர். சமாதானத்தைப் பற்றிய நூறு கருத்தரங்குகளைவிட, எருக்கலம்பிட்டிப் பிள்ளையும் பள்ளிமுனைப் பிள்ளையும் அடம்பன் பிள்ளையும் ஒரே அணியில் நின்று ஓர் இரவு சோறு சமைத்து உண்ட பாசறை பெரிது. அத்தகைய பாசறைக்குத் தலைமை தாங்க மூன்று சமயத்தவரும் சேர்ந்து முன்வரவேண்டும்.

இது விளையாட்டுக் காரியமன்று. 1964ஆம் ஆண்டு டிசெம்பர் 22ஆம் திகதி இரவு எழுந்த சூறாவளி அக்கரையிலே தனுஷ்கோடியை அழித்தது. இக்கரையிலே தலைமன்னாரையும் தாக்கியது. 2025 நவம்பர் இறுதியில் வந்த டித்வா புயல் நாடு முழுவதையும் வெள்ளத்தில் ஆழ்த்தி நூற்றுக்கணக்கானோரைப் பலிகொண்டது. தாழ்ந்த கரையும் பெருகும் ஆறும் உடைய எமக்குப் புயல் இன்னும் வரும். அன்று முதியவரைத் தூக்கவும், கயிறு கட்டவும், நீரைக் கொதிக்கவைக்கவும், செய்தி கொண்டோடவும் பழகிய இளைஞர் ஊருக்கு இருபது பேர் இருந்தால் எத்தனை உயிர் தப்பும்! ஆயத்தமாயிரு என்பதே சாரணரின் மகுடவாக்கியம். அது சிறுவனுக்கு மட்டும் விதித்த கட்டளையன்று.

எனவே எமது யோசனை இது. ஒவ்வொரு குழுவுக்கும் குறைந்தது மூன்று பெரியவர் பொறுப்பேற்க வேண்டும். அவர்களில் ஒருவரேனும் இடமாற்றத்துக்கு உட்படாத ஊரவராயிருக்க வேண்டும். பொறுப்பிலிருந்து விலகுபவர் பெயர்ப்பட்டியல், கணக்கு, பொருட்பதிவு ஆகியவற்றை எழுத்திலே ஒப்படைத்துச் செல்ல வேண்டும். ஆண்டுக்கொருமுறை பெற்றோர் முன்னிலையில் கணக்கு வாசிக்கப்பட வேண்டும். வளர்ந்து திரிசாரணரான இளைஞர் உதவித் தலைவராகப் பழக்கப்பட வேண்டும். அவர்களே நாளைய தலைவர்கள். அடுத்த பாடசாலை ஆண்டு தொடங்குமுன் பழைய மாணவர் சங்கங்களும் கமக்காரர் அமைப்புக்களும் கடற்றொழிலாளர் சங்கங்களும் தத்தம் கூட்டங்களில் இதை ஒரு விடயமாக எடுத்துக்கொள்வது அரிதன்று.

தன்னாட்சி வேண்டுமென்று மேடைதோறும் முழங்குகிறோம். எட்டுப் பேர் கொண்ட ஓர் அணியைத் தன் சொல்லாலும் செயலாலும் நடத்தப் பழகும் பன்னிரண்டு வயதுச் சிறுவன், அதன் முதற்பாடத்தைப் படித்துக்கொண்டிருக்கிறான். அவனுக்குத் துணை நிற்க நேரமில்லை என்று சொல்லும் சமுதாயம், நாளை தன்னை ஆளவும் நேரமில்லாமற் போகும். வாசக அன்பர்களே, உங்கள் ஊர்ப் பாடசாலையின் அலுமாரிக்குள்ளே ஒரு கொடி மடிந்து கிடக்கிறதா என்று போய்ப் பாருங்கள். கிடந்தால், இன்னோர் ஆசிரியர் வரும்வரை காத்திராமல் அதை நீங்களே வெளியே எடுங்கள்.