30 லட்சம் வாங்கி 62 லட்சம் கட்டும் கணக்கு

ரிசர்வ் பாங்கி 2025-ஆம் ஆண்டில் மட்டும் நான்கு தடவை வட்டியைக் குறைத்தது. ஆண்டுத் தொடக்கத்தில் நூற்றுக்கு 6.50 ஆக இருந்த 'ரெப்போ' வட்டி, டிசம்பரில் 5.25 ஆக இறங்கிற்று. இறங்கியதுதான் தாமதம், "வாடகை கொடுத்து ஏன் வாடுகிறீர்? அதே பணத்தில் சொந்த வீடு!" என்ற முழக்கம் சுவரெல்லாம், ஏடெல்லாம், கைபேசியெல்லாம். ஆலை வாயிலிலே கூடத் துண்டுப் பிரசுரம் நீட்டுகிறார்கள்.

சொந்த வீடு வேண்டும் என்று எண்ணுவது குற்றமா? இல்லை. ஆண்டுக்கொரு தடவை தட்டுமுட்டுச் சாமான்களை வண்டியில் ஏற்றிக்கொண்டு தெருத்தெருவாக வீடு தேடியவனுக்குத்தான் தெரியும் அந்த ஆசையின் ஆழம். அந்த ஆசைக்கு என்ன விலை வைத்திருக்கிறார்கள் என்பதைத்தான் இங்கே கணக்குப் பார்க்க வேண்டும். விளம்பரத்தில் மாதத் தவணை இருக்கிறது; வட்டி விகிதம் இருக்கிறது. மொத்தத்தில் எவ்வளவு கட்டி முடிக்க வேண்டும் என்ற ஒரு வரியைக் காணோம்!

அம்பத்தூர்ப் பட்டறை ஒன்றிலே லேத் ஓட்டும் தொழிலாளி என்று வைத்துக் கொள்வோம். 36 லட்சத்துக்கு ஒரு வீடு பார்க்கிறார். ஊரார் கையிலும் மனைவி கழுத்திலும் இருந்ததைத் திரட்டி 6 லட்சம் முன்பணம் தருகிறார். மீதி 30 லட்சம் பாங்கிக் கடன். வட்டி நூற்றுக்கு எட்டரை, 20 ஆண்டுத் தவணை. மாதம் 26,035 ரூபாய். இவ்வளவும் அவருக்குச் சொல்லப்படுகிறது. சொல்லாமல் விட்டதை நாம் பெருக்கிப் பார்ப்போம். 240 மாதம், மொத்தம் ஏறத்தாழ 62 லட்சத்து 48 ஆயிரம். வாங்கிய கடனுக்கு மேல் 32 லட்சத்து 48 ஆயிரம் வட்டி! பாங்கியில் வாங்கியது ஒரு வீட்டுக் கடன். திருப்பிக் கட்டுவது இரண்டு வீட்டுக் கடன்.

பம்பாய்ப் பக்கத்து இந்துச் சட்டத்தில் 'தாம்துபட்' என்றொரு பழைய விதி உண்டு. ஒரே நேரத்தில் வசூலிக்கும் வட்டி பாக்கி, அசலின் அளவைத் தாண்டக் கூடாது என்பது அது. மாதாமாதம் வட்டியைத் துடைத்துக் கட்டி வருகிற இந்தக் கடன் அந்த விதியில் அகப்படாது. ஆயினும் வட்டிக்கு ஒரு வரம்பு வேண்டும் என்று பழங்காலத்தவருக்கே தோன்றியிருக்கிறது பாருங்கள்!

சரி, அந்த 26,035 எங்கே போகிறது? முதல் மாதத் தவணையைப் பிரித்துப் பாருங்கள். வட்டிக்கு 21,250. அசலில் கழிவது 4,785. அவ்வளவுதான்! முதல் ஆண்டு முழுவதும் 3 லட்சத்து 12 ஆயிரம் கட்டிய பிறகு, கடன் குறைந்திருப்பது 60 ஆயிரத்துக்குச் சற்றுக் குறைவு. ஐந்து ஆண்டுகள் ஒரு மாதமும் தவறாமல் 15 லட்சத்து 62 ஆயிரம் கட்டுகிறார். பிறகு பாங்கிக்குப் போய், "ஐயா, என் கணக்கில் பாக்கி எவ்வளவு?" என்று கேட்கிறார். "26 லட்சத்து 44 ஆயிரம்" என்று பதில் வருகிறது. மனிதர் மயங்கி விழாமலிருந்தால் அதிசயம். பத்தாண்டு கழித்துக் கேட்டால் 21 லட்சம். பாதிக் காலம் போய்விட்டது. கடனில் மூன்றில் ஒரு பங்குகூடக் கழியவில்லை. பாதிக் கடன் தீர 13 ஆண்டு 10 மாதம் ஆகிறது.

இது மோசடியா என்று தோழர்கள் கேட்கக் கூடும். அல்ல. மீதியிருக்கும் அசலுக்குத்தான் வட்டி. தொடக்கத்தில் அசல் பெரிது, ஆகவே வட்டியும் பெரிது. கணக்கு சரியாகத்தான் இருக்கிறது. கணக்கறியாத ஏழையிடம் கணக்கைக் காட்டாமல் கையெழுத்து வாங்குவதைத்தான் நாம் கண்டிக்கிறோம்.

தவணைக் காலத்திலே இன்னொரு தூண்டில். "26 ஆயிரம் கட்ட முடியாதா? கவலை வேண்டாம், 30 ஆண்டாக ஆக்கித் தருகிறோம், 23,067 போதும்" என்பார்கள். மாதம் 2,968 ரூபாய் மிச்சம் என்று மனம் மகிழும். மொத்தமோ 83 லட்சத்தைத் தாண்டுகிறது. மாதம் மூவாயிரத்தை மிச்சப்படுத்தப் போய், 20 லட்சத்து 56 ஆயிரத்தைக் கூடுதலாகக் கொட்டிக் கொடுக்கிறோம். மாறாக, வயிற்றைக் கட்டி மாதம் 3,507 ரூபாய் கூடுதலாகக் கட்ட முடிந்தவர், 15 ஆண்டில் கடனை முடித்து 9 லட்சத்து 30 ஆயிரம் மிச்சம் பிடிக்கிறார். ஆக, கையில் வசதி உள்ளவனுக்கு வீடு மலிவு. இல்லாதவனுக்கு அதே வீடு, அதே செங்கல், அதே சுவர், விலை அதிகம்!

இதுவரை சொன்னதெல்லாம் வட்டி மாறாமல் இருந்தால். வீட்டுக் கடனில் பெரும்பகுதி மாறும் வட்டிக் கடன்தான். 2019 அக்டோபர் 1 முதல் பாங்கிகள் புதிதாகத் தரும் மாறும் வட்டி வீட்டுக் கடனை ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு பிணைக்க வேண்டும் என்பது ரிசர்வ் பாங்கியின் உத்தரவு. நல்ல உத்தரவுதான், முன்பெல்லாம் ஏறும்போது உடனே ஏறும், இறங்கும்போது ஏனோ தாமதமாகும். ஆனால் கத்தி இருபுறமும் வெட்டும்.

2020 மே மாதம் ரெப்போ 4 ஆக இருந்தது. அந்த மலிவு வட்டிக் காலத்தில் கடன் வாங்கியவரைப் பாருங்கள். 30 லட்சம், 20 ஆண்டு, நூற்றுக்கு 6.70; தவணை 22,722. 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ 6.50 ஆக ஏறிற்று. பத்தே மாதத்தில் இரண்டரை சதவிகிதம்! இரண்டு ஆண்டு கட்டியபின் அவர் பாக்கி 28 லட்சத்து 47 ஆயிரம். முழு உயர்வும் ஒரே நாளில் அவர் தலையில் இறங்கியதாக வைத்துக் கொள்வோம். 9.20 வட்டியில் மாத வட்டி மட்டும் 21,828. அவர் கட்டும் 22,722-இல் அசலுக்குப் போவது 894 ரூபாய்! தவணையை உயர்த்தாமல் காலத்தை மட்டும் நீட்டினால், மீதமிருந்த 18 ஆண்டு 35 ஆண்டாகிறது. முப்பத்தைந்து வயதில் கடன் வாங்கியவர் எழுபத்திரண்டு வயது வரை கட்ட வேண்டும். எந்த ஆலை அவரை அதுவரை வேலைக்கு வைத்திருக்கும்? காலத்தை நீட்டாமல் தவணையை ஏற்றியிருந்தால் மாதம் 27,018. இதுவும் இடிதான், ஆனால் கண்ணுக்குத் தெரியும் இடி. "உங்கள் தவணை மாறவில்லை" என்ற செய்தியைப் பார்த்து நிம்மதியாகத் தூங்கியவர்களுக்கு, மாறியது எது என்று தெரியவேயில்லை.

இந்தக் கூத்து முற்றிய பிறகுதான், 2023 ஆகஸ்டில் ரிசர்வ் பாங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று கடனாளியிடம் கேட்க வேண்டும். கட்டும் தவணை அந்த மாத வட்டிக்கே போதாத நிலை வரக் கூடாது. இதுவரை அசலுக்கு எவ்வளவு, வட்டிக்கு எவ்வளவு, மீதித் தவணை எத்தனை என்ற விவரத்தை மூன்று மாதத்துக்கொரு தடவை தர வேண்டும். நம்மவர்களில் எத்தனை பேர் அந்தக் கணக்கைக் கேட்டு வாங்கியிருக்கிறார்கள்? 2025-இல் வட்டி இறங்கியதே, காலம் குறைந்ததா, தவணை குறைந்ததா, ஒன்றுமே குறையவில்லையா? வீட்டு வசதிக் கடன் கம்பெனிகளில் வாங்கியவர்கள் இன்னும் உஷாராக இருக்க வேண்டும். 2019-ஆம் ஆண்டு உத்தரவு பாங்கிகளுக்குத்தான், அந்தக் கம்பெனிகளுக்கு அல்ல.

கொரோனா காலத்தை மறந்திருக்க மாட்டீர்கள். 2020 மார்ச் முதல் ஆகஸ்ட் வரை ஆறு மாதம் தவணை கட்ட வேண்டாம் என்றார்கள். கருணை என்று கைதட்டினோம். தவணை நின்றது, வட்டி நிற்கவில்லை. வட்டிமேல் வட்டி போடக் கூடாது என்று உச்சநீதிமன்றம் 2021 மார்ச்சில் தீர்ப்பளித்தது. வட்டியையே தள்ளுபடி செய்ய மறுத்தது. எட்டரை சதவிகிதத்தில் அப்போதுதான் கடன் வாங்கிய ஒருவருக்கு, ஆறு மாத வட்டி 1 லட்சத்து 27 ஆயிரத்து 500 பாக்கியில் ஏறிவிட்டால், பழைய தவணையிலேயே கட்டி முடிக்க ஏறக்குறைய 30 மாதம் கூடுதலாகும். ஆறு மாத ஓய்வுக்கு இரண்டரை ஆண்டு வேலை!

இவை போதாதென்று சில்லறைச் செலவுகள். மனையோடு கூடிய வீட்டை விலைக்கு வாங்கினால் தமிழ்நாட்டில் முத்திரைத் தீர்வை நூற்றுக்கு 7, பதிவுக் கட்டணம் 2. நம் தொழிலாளியின் 36 லட்சத்துக்கு அதுவே 3 லட்சத்து 24 ஆயிரம். இதற்குக் கடன் கிடையாது, கைப்பணம்தான். பிறகு வக்கீல் பார்வை, மதிப்பீட்டுக் கூலி, பரிசீலனைக் கட்டணம், பத்திரம் ஒப்படைத்ததைப் பதிவு செய்யும் செலவு. காப்பீடு என்று ஒன்றை நைசாகச் சேர்த்து, அதன் பிரீமியத்தையும் கடனிலேயே ஏற்றிவிடுவதும் உண்டு. 1 லட்சம் பிரீமியம் அப்படி ஏறினால், 20 ஆண்டில் அதற்குக் கட்டுவது 2 லட்சத்து 8 ஆயிரம். காப்பீடு வேண்டாம் என்பதல்ல. குடும்பத் தலைவன் போய்விட்டால் கடன் பிள்ளைகள் தலையில் விழாமலிருக்க அது வேண்டும். கைப்பணத்தில் தனியாக எடுத்தால் மலிவு.

"வருமான வரியில் சலுகை உண்டே!" என்பார் ஏஜெண்ட். பழைய வரிமுறையில் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிவு. புதிய வரிமுறையில் அந்தக் கழிவு இல்லை. வரியே கட்டாத வருமானக்காரனுக்கு எந்த முறையில் என்ன சலுகை?

மறுபக்கத்தையும் பார்ப்பதுதான் நியாயம். 20 ஆண்டு கழித்துக் கட்டும் 26 ஆயிரம், இன்றைய 26 ஆயிரத்துக்குச் சமமல்ல. விலைவாசி ஏற ஏறப் பணத்தின் மதிப்பு தேயும். வாடகையோ ஏறிக்கொண்டே போகும். கட்டி முடித்த வாடகைக்குக் கையில் ஒரு கதவுகூட மிஞ்சாது. கூலி ஆண்டுதோறும் உயரும் இடத்தில், நிரந்தர வேலையில் இருப்பவருக்கு இந்தக் கடன் தாங்கும். ஒப்பந்தக் கூலியாக, அடுத்த ஆண்டு வேலை உண்டா என்று தெரியாமல் இருப்பவருக்கோ? மாதத் தவணை, வாடகையைவிட ஒரு மடங்கு அதிகமாக இருக்குமானால் அவரை அவசரப்பட வேண்டாம் என்றுதான் சொல்வேன். மூன்று தவணை தவறினால் அது வாராக் கடன். 2002-ஆம் ஆண்டுச் சட்டப்படி 60 நாள் நோட்டீஸ். பிறகு நீதிமன்றத்தில் வழக்குப் போடாமலே வீட்டைக் கைப்பற்றி ஏலம் விடலாம். எதிர்த்துக் கடன் வசூல் தீர்ப்பாயம் போக 45 நாள்தான் அவகாசம்.

கடன் வாங்கித்தான் ஆகவேண்டும் என்று முடிவு செய்தவர்களுக்கு ஒரு கணக்கு சொல்கிறேன். மேலே சொன்ன 30 லட்சம் கடனில், முதலாண்டு முடிவில் எப்படியாவது 1 லட்சம் கூடுதலாகக் கட்டிவிட்டால், கடைசியில் 18 மாதத் தவணை விழுந்துவிடுகிறது; அதாவது சுமார் 4 லட்சத்து 70 ஆயிரம். அதே 1 லட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டில் கட்டினால் இந்தப் பலன் இல்லை. ஆகவே போனஸ் வந்தால் முதல் சில ஆண்டுகளில் அசலுக்குப் போடுங்கள். மாறும் வட்டி வீட்டுக் கடனில் முன்கூட்டிக் கட்டுவதற்குப் பாங்கிகள் அபராதம் போடக் கூடாது என்று 2012-லேயே ரிசர்வ் பாங்கி தடுத்துவிட்டது. கட்டும்போது "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுங்கள்.

கையெழுத்துக்கு முன் இன்னொன்று. 2024 அக்டோபர் 1 முதல், புதிதாகத் தரும் கடனுக்கு முக்கிய விவர அறிக்கை ஒன்றைப் பாங்கி கொடுக்க வேண்டும். கட்டணங்களெல்லாம் சேர்ந்த மெய்யான ஆண்டு விகிதமும், மாதவாரித் தவணைப் பட்டியலும் அதில் இருக்க வேண்டும். அதுவும் கடன் வாங்குபவருக்குப் புரியும் மொழியில்! ஆகவே தமிழில் கொடு என்று கேட்பது சலுகையல்ல, உரிமை. இங்கிலீஷில் நீட்டி, "அங்கே இங்கே கையெழுத்துப் போடுங்கள்" என்றால் போடாதீர்கள். கொடுத்த அறிக்கையை யோசித்துப் பார்க்க மூன்று வேலை நாள் அவகாசம் உண்டு. சங்கத்தில் கணக்குத் தெரிந்த தோழரிடம் கொண்டு போய் முழுத் தொகையைக் கூட்டிப் பார்த்துவிட்டு வாருங்கள்.

கடனை முடித்தவர்கள், பத்திரம் பாங்கியில் பத்திரமாக இருக்கிறது என்று இருந்துவிடாதீர்கள். முழுவதும் கட்டிய 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும்; பாங்கியின் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் அவர்கள் தர வேண்டும். 2023 டிசம்பர் 1 முதல் இந்த விதி நடப்பில் இருக்கிறது. பத்திரம் கைக்கு வந்ததும் கடன் தீர்ந்த ரசீதைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்துவிடுங்கள். அதுவரை வில்லங்கச் சான்றில் அந்தக் கடன் அப்படியே நின்றுகொண்டிருக்கும்.