தானாப் போகட்டுமா?

"தானாப் போகட்டும்ப்பா. ஊசி போட்டு அனுப்புற பாவம் நமக்கெதுக்கு?" ஆரணியில் தறி ஓடும் தெருக்களில், கிழட்டு நாய் படுத்துவிட்ட வீட்டில் இதைத்தான் சொல்கிறார்கள். சொல்பவர்கள் கல்நெஞ்சக்காரர்கள் இல்லை, மடியில் போட்டுப் பால் புகட்டுகிறவர்கள்தான். ஆனால் அந்தப் பேச்சில் நாய் எங்கே இருக்கிறது, தேடிப் பாருங்கள். பாவம் இருக்கிறது, நாம் இருக்கிறோம்.

உயிரெடுப்பது பாவம் என்று பட்டு நெய்கிற ஊரில் சொல்வதே வேடிக்கை. கூட்டுக்குள் இருக்கும் புழுவை உயிரோடு அவித்துத்தான் தறிக்கு வரும் இழையை எடுக்கிறார்கள். ஒரு புடவைக்கு ஆயிரக்கணக்கில் கூடுகள். நெசவாளியைக் குறை சொல்லவில்லை, அவருக்கு அது சோறு. பிழைப்புக்குக் கொல்லலாம், வலி தீர்க்க மட்டும் கூடாது என்பது என்ன கணக்கு?

சேலம் சுகவனேசுவரர் கோயில் யானை ராஜேஸ்வரி எழ முடியாமல், படுத்த இடமெல்லாம் புண்ணாகி, வாரக்கணக்கில் கிடந்தது. வழக்கு சென்னை உயர் நீதிமன்றம் வரை போனது. இனி உயிரோடு வைத்திருப்பது கொடுமை என்று மருத்துவர் சான்று தந்தால் கருணைக்கொலை செய்யலாம் என்று 2018 ஏப்ரலில் நீதிமன்றம் சொன்னது. ஊசிக்கு முன்பே யானை செத்தது. "பாத்தியா, தானாவே போயிடுச்சு" என்று நிம்மதிப்படலாம்தான். அந்த வாரங்களை யார் கணக்கில் எழுதுவது?

அகிம்சையைச் சொல்லி யாராவது மறிப்பார்கள். 1928இல் சபர்மதி ஆசிரமத்தில் பிழைக்காது என்று தெரிந்த கன்றுக்குட்டிக்கு மருத்துவரைக் கொண்டு விஷ ஊசி போடச் சொன்னவர் காந்தி. வசைக் கடிதங்கள் குவிந்தன. அவர் பின்வாங்கவில்லை.

சரி, எப்போது? "இன்னும் வாலாட்டுதே" என்பதை வைத்து முடிவெடுக்காதீர்கள், வலியிலும் நாய் வாலாட்டும். தினசரி காலண்டர் தாளைக் கிழிக்குமுன் அதில் குறித்து வையுங்கள்: தின்றதா, தானாக எழுந்ததா, மூத்திரத்திலேயே கிடந்ததா, ராத்திரி முனகியதா. மோசமான நாட்கள் நல்ல நாட்களை மிஞ்சினால், அந்தத் தாள்களோடு மருத்துவரிடம் போங்கள். குணமாகும் நோயா, வலியையாவது அடக்க முடியுமா என்று முதலில் கேளுங்கள். இரண்டுக்கும் இல்லை என்றால் தள்ளிப்போடாதீர்கள். வீட்டுக்கே வருவாரா என்று கேட்டுப் பாருங்கள். முதலில் மயக்க மருந்து கொடுக்கச் சொல்லுங்கள். அந்த நேரத்தில் "என்னால பாக்க முடியாது" என்று வாசலுக்குப் போய்விடாதீர்கள். அதற்குத் தெரிந்த கை உங்களுடையதுதான்.