மூலத்தை ஒளித்த புதுப்பதிப்பு

‘கிராண்ட் தெஃப்ட் ஆட்டோ’ வரிசையின் மூன்று பழைய விளையாட்டுகளுக்கு ரசிகர்கள் கூலியின்றி ஆக்கிய காட்சி மேம்பாட்டு ‘மாட்’கள் பலவற்றைப் பதிப்புரிமையின் பெயரால் டேக்-டூ நிறுவனம் 2021இல் நீக்கச் செய்தது. சட்டப்படி அதற்கு உரிமை உண்டு, நியாயம் உண்டா? மூல விளையாட்டைக் கையில் வைத்திருப்பவருக்கே மாட் பயன்படும். அது எவருடைய விற்பனையைத் திருடிற்று?

அவ்வாண்டு நவம்பரில் வெளிவந்த புதுப்பதிப்பே விடை போலும். மூலங்கள் இணையக் கடைகளிலிருந்து அகற்றப்பட்டன. அவற்றின் இடத்துக்கு வந்ததிலோ மழை வெண்கோடுகளாய்த் திரையை மறைத்தது. கடைப் பலகைகளில்கூட எழுத்துப்பிழைகள். (மூலபாடத்தை ஒளித்துவிட்டு இப்படியொரு பதிப்பைக் கொணர்ந்தால் சுவடியியல் மாணவரும் நகைப்பார்.)

சில நாள்களிலேயே அதன் துணை நிறுவனமான ராக்ஸ்டார் மன்னிப்புக் கோரி, மூலங்களை மீண்டும் விற்பதாக அறிவித்தது. நீக்கப்பட்ட மாட்களைப் பற்றி அதில் ஒரு சொல்லும் இல்லை.