நோய் நாள்பார்த்து வருமோ?

அறந்தாங்கிப் பேருந்து நிலையத்தில் விடியற்காலையிலேயே இருவகைக் கூட்டத்தைக் காணலாம். மணமேற்குடிக்கும் கோட்டைப்பட்டினத்திற்கும் பணிக்குச் செல்வோர் ஒருவகை. புதுக்கோட்டைக்கும் தஞ்சைக்கும் மருத்துவத்திற்குச் செல்வோர் மற்றொருவகை. கிழக்கே பள்ளி, மேற்கே மருத்துவமனை என இருபுறமும் ஒருவரே செல்ல நேரின் அவர் என்செய்வார்?

முன்பு என்னோடு பணியாற்றிப் பின்னர்க் கடற்கரைச் சிற்றூர்ப் பள்ளிக்குச் சென்ற ஆசிரியர் ஒருவர்க்கு அந்நிலையே வந்தது. சிறுநீரகங்கள் செயலிழந்தன. கிழமைக்கு மும்முறை, முறைக்கு நான்கு மணிநேரம் குருதியைத் தூய்மை செய்தாக வேண்டும். மருத்துவமனைக்கு அருகில் பணியிடம் வேண்டி எழுதினார். "கலந்தாய்வு வரட்டும்" என்பதே மறுமொழி. கலந்தாய்வோ ஆண்டுக்கொரு முறை. அவர்க்கு மருத்துவமோ ஒருநாள் விட்டு ஒருநாள்! விடுப்பு தீர்ந்தது, ஊதியம் நின்றது. கற்பிக்க விரும்பியவர் வீட்டில் முடங்கினார். அவரை விடாது பிடித்துவைத்த பள்ளிக்கும் ஆசிரியர் இல்லாமற் போனார். இதனால் எவர்க்கு என்ன நன்மை?

அரசு ஒன்றுமே செய்திலது என்று கூறேன். பள்ளிக்கல்வித்துறை 17.12.2021இல் வெளியிட்ட இடமாற்ற நெறிமுறை, பார்வையற்றோர், மாற்றுத்திறனாளர், சிறுநீரக மாற்றும் நெஞ்சாங்குலை அறுவையும் செய்துகொண்டோர், புற்றுநோயாளர் முதலியோர்க்குக் கலந்தாய்வில் முன்னுரிமை அளித்தது. பாராட்டத் தக்கதே. ஆயின் முன்னுரிமை என்பது வரிசையில் முன்னிடம். வரிசையே ஆண்டுக்கொரு முறைதான் கூடுமெனின், இடையில் நோயுற்றவர் எங்குப் போய் நிற்பது?

சட்டமும் வாளா இருக்கவில்லை. 2016ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளர் உரிமைச் சட்டத்தின் 20ஆம் பிரிவு, பணிக்காலத்தில் உடற்குறை எய்தியவரை நீக்கவும் பதவியிறக்கவும் கூடாதென்கிறது. விரும்பிய இடம் பெறுவது பணியாளரின் உரிமையன்று என்பதே நயன்மன்றங்களின் நிலைப்பாடு. எனினும், நடுவண் வரித்துறைப் பணியாளர் வழக்கில் 10.3.2022இல் தீர்ப்பளித்த உச்ச நயன்மன்றம், மாற்றுத்திறனாளரின் தேவையையும் இரக்கத்திற்குரிய நிலைகளையும் கருதி இடமாற்றக் கொள்கையை மீளாயுமாறு அறிவுறுத்தியது.

பொய்ச்சான்று காட்டி நகருக்கு வருவோர் இல்லையா என்பர். உளர், வெட்கத்துடன் ஒப்புகிறேன். அன்னோரால் முதலில் கெடுவோர் உண்மை நோயாளரே. நோயாளர் அனைவரும் நகருக்கு வந்துவிட்டால் கடற்கரைப் பிள்ளைகளுக்குக் கற்பிப்பார் யார் என்பதும் முறையான வினாவே. இரண்டற்கும் விடை உண்டு. அரசு மருத்துவக் குழு ஆய்ந்து சான்றளிக்கட்டும். வேண்டுகை கிடைத்த முப்பது நாளுக்குள் எழுத்தில் மறுமொழி வரட்டும். மறுப்பின் கரணியம் காட்டப்படட்டும். நோய் தீரும் அளவிற்குக் காலவரை குறித்த இடமாற்றம் தரப்படட்டும். தீர்ந்தபின் அவர் திரும்பட்டும். அவர் விட்ட இடத்திற்கு மாற்றாசிரியர் வந்து சேர்ந்தாரா என்பதையும் அவ்வாணையே உறுதிசெய்யட்டும்.

திருவள்ளுவர் கண்ணோட்டத்தை இல்லறத்தார்க்குரிய அறமாக வைத்திலர். செங்கோன்மைக்கும் கொடுங்கோன்மைக்கும் பின்னர், பொருட்பாலில், ஆள்வோர்க்குரியதாக வைத்தார். கடமை கெடாத கண்ணோட்டமே அவர் வேண்டியது. யாம் கேட்பதும் அதுவே.

நோயாளி ஒருவர் மருத்துவச் சான்றை ஒருகையிலும் பரிந்துரை மடலை மறுகையிலும் ஏந்திப் பெரியோர் வாயில்தோறும் நிற்பது நாட்டிற்கே இழுக்கு. பரிந்துரைக்கு ஆளுள்ளவர் இடம்பெறுவதும் ஆளற்றவர் காத்துக்கிடப்பதும் ஆட்சியாகுமா? ஆசிரியர் அமைப்புகள் ஊதிய உயர்விற்கு எழுப்பும் குரலில் ஒரு கூறேனும் இதற்கு எழுப்புக! நோய் நாள்பார்த்து வருவதில்லை. துணையும் நாள்பார்த்து வரலாகாது.