காயத்தை அழகென்று விற்போர்

கண்டி நகரிலும் பேராதனை, கட்டுகஸ்தோட்டை, கம்பளை முதலிய அதன் சுற்றுப்புறங்களிலும் அழகுநிலையங்களுக்குப் பஞ்சமில்லை. கூந்தலைச் சீர்செய்தல், முகத்தைத் துப்புரவாக்கல், மணப்பெண்ணை அலங்கரித்தல் என்றிருந்த அத்தொழிலுக்குள் அண்மைக் காலத்தில் ஊசி புகுந்துவிட்டது. மைக்ரோநீட்லிங் எனப்படும் நுண்ணூசிச் சிகிச்சையையே குறிப்பிடுகிறோம். பருத் தழும்பு மறையும், முகம் பளிச்சிடும், பத்து வயது குறையும் என்றெல்லாம் விளம்பரம் பேசுகிறது. அந்த ஊசி தோலில் என்ன செய்கிறது, அதற்கு முன்னர் தோலை எவ்வாறு ஆயத்தஞ் செய்தல் வேண்டும், பின்னர் எவ்வாறு பேணுதல் வேண்டும் என்பன பற்றி மாத்திரம் அது வாய் திறப்பதில்லை. அந்த மௌனத்தையே நாம் இங்கு குற்றக் கூண்டில் நிறுத்த விரும்புகிறோம்.

சமுதாயப் பிரச்சினைகளை ஆராயும் ஏட்டில் முகப்பூச்சுப் பற்றிய பேச்சுக்கு என்ன வேலை என்று சில நண்பர்கள் முகஞ் சுளிக்கக் கூடும். அவர்களுக்கு எமது மறுமொழி எளியது. மக்களின் பணம் எங்கே பறிக்கப்படுகிறதோ, மக்களின் உடல் எங்கே ஆபத்துக்கு உள்ளாகிறதோ, மக்களின் அறியாமை எங்கே மூலதனமாகிறதோ, அங்கெல்லாம் முற்போக்காளனுக்கு வேலை உண்டு.

முதலில் விஷயத்தைத் தெளிவாக அறிந்து கொள்வோம். 1995ஆம் ஆண்டில் அமெரிக்கத் தோல் மருத்துவர்களான ஓரென்ட்ரைக் இருவர், குழிவிழுந்த தழும்புகளை ஊசி கொண்டு அடியிலிருந்து விடுவிக்கும் முறையை எழுதி வெளியிட்டனர். 1997இல் கனடாவைச் சேர்ந்த கமிராண்டும் டூசேயும், பச்சை குத்தும் கருவியை மையின்றித் தழும்பின்மேல் ஓட்டியபோது தழும்பு தணிந்ததை அறிவித்தனர். தென்னாபிரிக்காவின் கேப்டவுன் நகரச் சத்திர சிகிச்சையாளர் டெஸ்மண்ட் பெர்னாண்டஸ், ஊசிகள் பதித்த உருளையை உருவாக்கி, 2005 அளவில் இம்முறையை இன்றைய வடிவுக்குக் கொணர்ந்தார். ஆக, இது அழகுநிலையத்தில் பிறந்த குழந்தையன்று; தழும்போடு போராடிய மருத்துவத்தின் குழந்தை.

இது செயற்படும் விதமும் மந்திரமன்று. முகத்து மேல்தோல் ஏறத்தாழ ஒரு மில்லிமீற்றரின் பத்திலொரு பங்கே தடிப்புடையது. அதனைத் துளைத்து, அதன் கீழுள்ள உட்தோலை ஊசி எட்டும்போது நுண்ணிய இரத்தக் கசிவு உண்டாகிறது. இரத்தத் தட்டுக்கள் வளர்ச்சிக் காரணிகளை வெளிவிடுகின்றன. நார்ச் செல்கள் விழித்தெழுந்து புதிய கொலாஜன் புரதத்தை நெய்கின்றன. அந்நெசவு முற்றுப்பெற மாதக் கணக்காகும். எனவேதான் ஒரு தடவைக்கும் மறு தடவைக்குமிடையே நான்கு முதல் ஆறு வாரம் வரை விடப்படுகிறது. பருத் தழும்புக்கு ஒன்றரை முதல் இரண்டு மில்லிமீற்றர் நீள ஊசி பயன்படுகிறது. ஆயிரக்கணக்கான சிறு காயங்களை வேண்டுமென்றே உண்டாக்கி, அவற்றை ஆற்றும் உடலின் உழைப்பையே பயனாகக் கொள்ளும் முறை இது. ஒரு வாரத்தில் முகம் மாறும் என்று சொல்பவன் உடலின் உழைப்பையும் திருடித் தன் கணக்கில் எழுதிக் கொள்பவன்.

காயம் என்று ஒப்புக்கொண்ட மாத்திரத்தே கடமைகள் பிறக்கின்றன. ஊசி படுமுன் அந்த முகத்தை அறிந்த கண்ணால் பார்த்தல் வேண்டும். சீழ்கொண்ட பரு இருக்கிறதா? வாயோரத்தில் அக்கிக் கொப்புளம் உண்டா? ஊசி ஒரிடத்துக் கிருமியை முகமெங்கும் விதைத்துவிடும். காயம்பட்ட இடம் மேடிட்டுத் தடிக்கும் கீலொயிட் இயல்பு உடையவரா? இரத்தம் உறையாமைக்கு மருந்து உட்கொள்பவரா? கட்டுப்படாத நீரிழிவு உண்டா? கருவுற்றிருக்கிறாரா? பருவுக்கு மாத்திரை எடுத்தவரா? இவ்வினாக்களைக் கேளாது பணத்தை வாங்குமிடத்தில் முகத்தைக் கொடுத்தல் தகாது. வைட்டமின் ஏ வகைக் களிம்புகளையும் அமிலக் கலவைகளையும் சில நாட்களுக்கு முன்பே நிறுத்துதல் வேண்டும். வெயிலில் கன்றிச் சிவந்த தோலில் ஊசியை ஓட்டலாகாது. மரத்துப்போகச் செய்யும் களிம்பும் மருந்தே. அளவு மீறிப் பரந்த இடத்தில் பூசினால் அது இரத்தத்தில் கலந்து மூளையையும் இதயத்தையும் தாக்க வல்லது.

பின்னர் செய்ய வேண்டுவன இன்னும் எளியன. அதனால்தான் போலும் அவற்றை எவரும் விற்க முன்வருவதில்லை. துளைகள் மூடும்வரை, குறைந்தது ஒரு நாளேனும், ஒப்பனை கூடாது. சுத்தமான நீரால் மெல்லக் கழுவி, மணமும் நிறமுமற்ற சாதாரண ஈரப்பதக் களிம்பைப் பூசினால் போதும். சிவப்பு ஓரிரு நாளில், சிலருக்கு மூன்று நாளில் தணியும். உரியும் தோலைக் கிள்ளலாகாது. நீச்சற் குளத்தையும் வியர்வை பெருகும் பயிற்சியையும் சில நாட்கள் விலக்குக. சிவப்பு பரவினால், வலி குறையாது ஏறினால், சீழோ காய்ச்சலோ கண்டால் வைத்தியசாலைக்குச் செல்க. ஊசி போட்டவரிடம் திரும்பிச் சென்று இன்னொரு களிம்பு வாங்காதீர்கள்.

எமது வீடுகளின் கைவைத்தியத்தைப் பற்றியும் ஒளிக்காமற் சொல்ல வேண்டும். மஞ்சளும் சந்தனமும் தேசிக்காய்ச் சாறும் பாட்டி தந்த சீதனம் என்பதற்காகத் திறந்த காயத்துக்கு மருந்தாகிவிடா. தேசிக்காய்ச் சாறு பட்ட தோலில் வெயில் விழுந்தால் கொப்புளித்துக் கருகும். மலைநாட்டுக் குளிரை நம்பி வெயிலை அலட்சியஞ் செய்வோரும் பலர். பூமத்திய ரேகைக்கு ஏழு பாகை வடக்கே, கடல் மட்டத்துக்கு ஏறத்தாழ ஐந்நூறு மீற்றர் உயரத்தில் இருக்கும் ஊர் இது. ஆயிரம் மீற்றர் ஏறினால் புறஊதாக் கதிரின் வலிமை பத்து வீதமளவில் கூடும். மகாவலியின் மேல் தவழும் மூடுபனி கண்ணைக் குளிர்விக்கும். கதிரை முற்றாகத் தடுக்காது. குடையும், காயம் மூடியபின் வெயிற் காப்புக் களிம்பும் இன்றி இச்சிகிச்சைக்குத் துணிதல், எமது நிறத்தோர்க்குத் தழும்பைக் கொடுத்துக் கரும்புள்ளியை வாங்கும் வியாபாரமாக முடியும்.

இக்கவலைகள் வெறும் பூச்சாண்டி எனக் கொள்வோர் இரண்டு செய்திகளைக் கேட்கட்டும். 2014இல் அமெரிக்கத் தோல் மருத்துவ இதழொன்று மூன்று பெண்களின் கதையை வெளியிட்டது. நுண்ணூசி ஓட்டிய முகத்தில் பூசப்பட்ட அழகுசாதனங்கள் தோலுக்குள் இறங்கி, முகத்தில் ஆறாத அழற்சிக் கட்டிகளை உண்டாக்கின. அச்சாதனங்களுள் எங்கும் புகழப்படும் வைட்டமின் சி சீரமும் ஒன்று. மேல்தோலில் பூசத் தகுந்தது எல்லாம் தோலுக்குள் செலுத்தத் தகுந்ததாகாது. இரண்டாவது, நியூ மெக்சிக்கோ மாநிலத்தில் உரிமம் பெறாத ஓர் அழகுநிலையம் பற்றியது. அங்கு வாடிக்கையாளரின் இரத்தத்தையே எடுத்து நுண்ணூசியோடு முகத்தில் ஏற்றும் ‘வாம்பயர் பேஷல்’ நடந்தது. 2018இல் தொடங்கிய விசாரணை, அந்நிலையத்தின் ஊசிகளாற் பெண்களுக்கு எச்.ஐ.வி. தொற்றியிருந்ததைக் காட்டியது, அமெரிக்க நோய்க் கட்டுப்பாட்டு நிலையம் 2024 ஏப்ரலில் அதனை விரிவாக வெளியிட்டது. செல்வமும் சட்டமும் மிகுந்த நாட்டிலேயே இது நடந்ததென்றால், ஒரே உருளையைக் கழுவித் துடைத்து அடுத்த முகத்தில் வைக்கும் இடத்தில் என்ன நடவாது? ஒருவருக்குப் பட்ட ஊசி மற்றொருவருக்குப் படலாகாது என்பதைப் பேரம் பேச இடமில்லாத விதியாகக் கொள்ளல் வேண்டும்.

இவ்வளவு ஆபத்தையும் மக்கள் ஏன் விலைகொடுத்து வாங்குகின்றனர்? அழகு ஆசை என்று சொல்லி ஒதுங்கிவிட எமக்கு மனமில்லை. அந்த ஆசையைத் திட்டமிட்டு வளர்த்தவர்கள் இருக்கின்றனர். 1975இல் இந்தியாவில் சந்தைக்கு வந்த ‘பேர் அண்ட் லவ்லி’ என்ற களிம்பு, வெண்மையும் அழகும் ஒன்றே என்ற பாடத்தை வேலைக்கும் திருமணத்துக்கும் நிபந்தனையாக்கித் தலைமுறைகளுக்குப் புகட்டியது. அது இலங்கைக் கடைகளிலும் இடம்பிடித்தது. 2020இல் உலகெங்கும் எழுந்த நிறவெறி எதிர்ப்புக்கிடையே அதன் பெயரிலிருந்து வெண்மை நீக்கப்பட்டு, ‘குளோ அண்ட் லவ்லி’ ஆயிற்று. பெயர்ப்பலகை மாறியது, மணமகள் தேவை விளம்பரம் மாறவில்லை. அதே 1975இல் அமெரிக்க மருத்துவர் பிட்ஸ்பாட்ரிக் தோலின் வகைகளைப் பிரித்தபோது, முதலில் வெள்ளைத் தோலுக்குள்ளேயே நான்கு வகை கண்டார். பழுப்பும் கறுப்பும் பின்னரே ஐந்தாம், ஆறாம் வகைகளாகச் சேர்க்கப்பட்டன. சந்தைக்கு எமது தோல் ஒரு குறை. அறிவியலுக்கோ நெடுங்காலம் ஒரு பின்னிணைப்பு. உண்மையில் நிறத்தை உண்டாக்கும் செல்களின் எண்ணிக்கை மனிதர் அனைவர்க்கும் ஏறத்தாழ ஒன்றே.

ஆகவே நுண்ணூசி வெள்ளையாக்கும் என்று சொல்பவன் பொய்யன். வெள்ளையாக்கும் களிம்புகளில் பாதரசமும் வீரிய ஸ்டெரொய்டும் மறைத்துக் கலக்கப்படுவது பல நாடுகளிற் கண்டுபிடிக்கப்பட்ட உண்மை. பாதரசம் சிறுநீரகத்தைக் கெடுக்கும். ஸ்டெரொய்டு தோலை மெலிவிக்கும். அவ்வாறு மெலிந்த முகத்தில் ஊசியை ஓட்டுதல் நைந்த துணியில் தையல் போடுவதை ஒக்கும்.

இனி, எமது பக்கத்து நண்பர்களிடம் ஒரு வார்த்தை. இவையெல்லாம் மேட்டுக்குடியின் பொழுதுபோக்கு, உழைப்பாளிக்கு முகத்தழகு எதற்கு என்று அவர்கள் கூறுவதுண்டு. இது புரட்சிகரமான சொல்லாகத் தோன்றினும், உள்ளே இருப்பது உழைப்பாளியின் துயரைக் காணாத கண். மின்சாரம் எட்டாத குடிசைகளில் குப்பி விளக்குக் கவிழ்ந்து வெந்த குழந்தைகளும் பெண்களும் எத்தனை பேர்! அத்துயரைக் கண்ட சத்திர சிகிச்சை நிபுணர் விஜய கொடகும்புர கவிழாத விளக்கொன்றை வடிவமைத்து, 1998இல் உலகப் பரிசு பெற்றார். விளக்கு புதிய காயத்தைத் தடுத்தது. பழைய தழும்பைச் சுமப்பவர்க்கு யார் துணை? தீக்காயத் தழும்பை நுண்ணூசியால் தணிக்கலாம் என ஜெர்மன் மருத்துவர்கள் 2010இல் எழுதினர். மேல்தோலைச் சுட்டு நீக்கும் லேசரைக் காட்டிலும், வெப்பமின்றித் துளைக்கும் இம்முறை கருந்தோலுக்குப் பாதுகாப்பானது என்பதும் அறியப்பட்டதே. அப்படியாயின் இதனை அதிகம் வேண்டி நிற்பவர் யார்? தோட்டத் தொழிலாளரின் குறைந்தபட்ச நாட்சம்பளம் 2024 செப்டெம்பரில் 1350 ரூபாவென வர்த்தமானியில் வந்தது. அச்சம்பளத்தில் வாழும் தாயின் மகள் தழும்பேறிய முகத்தோடு நேர்முகப் பரீட்சைக்குச் செல்கையில், அவளிடம் அழகு மாயை என்று உபதேசிக்க எமக்கு என்ன உரிமை உண்டு? தழும்பைத் தணிக்க விரும்புதல் மனித இயல்பு. அவ்விருப்பத்தைத் தோலின் நிறத்துக்கு எதிராகத் திருப்பிக் காசாக்குவதே குற்றம்.

விரும்பியவர் விரும்பியதைச் செய்கின்றனர், அது அவரவர் சுதந்திரம் என்று வணிகர் தரப்பு வாதிடும். அறிந்து தெரிவு செய்வதே சுதந்திரம். முன்னும் பின்னும் செய்ய வேண்டியதை மறைத்துவிட்டுக் கையொப்பம் மாத்திரம் வாங்குவது சுதந்திரத்தின் பெயரால் நடக்கும் மோசடி. அக்கையொப்பத் தாள் ஆங்கிலத்தில் இருக்குமாயின் மோசடி இரட்டிப்பாகிறது. 1987ஆம் ஆண்டின் அரசியலமைப்புத் திருத்தம் தமிழையும் அரசகரும மொழியாக்கியது. முகத்தில் ஊசியேற்றுமுன் ஒருவர் படிக்க வேண்டிய ஒரு பக்கமேனும் அவர் மொழியில் இல்லையெனில் அச்சட்டத்தின் பயன் யாது?

எமது கோரிக்கைகள் பெரியவை அல்ல. உட்தோலைத் துளைக்கும் எந்த ஊசியும் மருத்துவக் கருவியாகவே கருதப்படல் வேண்டும். பயிற்சியும் பதிவும் இல்லாத கைக்கு அது போகலாகாது. 1980ஆம் ஆண்டின் 27ஆம் இலக்கச் சட்டம் தன் பெயரிலேயே அழகுசாதனங்களை முன்வைத்திருந்தது. அதனை நீக்கி வந்த 2015ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டம் தேசிய மருந்துகள் ஒழுங்குபடுத்தும் அதிகார சபையை நிறுவியது. பெயரிலிருந்து அழகுசாதனம் மறைந்தது போல அரசின் கண்ணிலிருந்தும் அது மறைந்துவிடலாகாது. தீக்காயத்தாலும் பருவாலும் தழும்புற்ற ஏழைகளுக்கு அரச போதனா வைத்தியசாலைகளின் தோல் நோய்ப் பிரிவுகளிலேயே இச்சிகிச்சை இலவசமாகக் கிடைத்தல் வேண்டும். தோலை ஆயத்தஞ் செய்தலும் பேணலும் பற்றிய குறிப்பு தமிழிலும் சிங்களத்திலும் அச்சாகி, ஒவ்வொரு வெளிநோயாளர் பிரிவிலும் பாடசாலையிலும் கிடைத்தல் வேண்டும்.

அதை எழுதத் தகுதியானவர்களை நாம் கடல் கடந்து தேட வேண்டியதில்லை. 1952இல் பல்கலைக்கழகம் பேராதனைக்கு வந்தது. 1962இல் இங்கு மருத்துவ பீடம் எழுந்தது. கலஹா வீதியில் உயர்ந்து நிற்கும் அந்தக் கட்டடங்கள் இலவசக் கல்வியால், அதாவது மலையிற் கொழுந்து பறித்தவளும் வயலில் நெல் விதைத்தவனும் செலுத்திய வரியால், வளர்ந்தவை. அங்குள்ள அறிவு ஆங்கில ஆய்வேட்டில் உறங்க, வீதிக்கு வந்தால் விளம்பரமே பேராசிரியராக வீற்றிருக்கும் நிலை நீடித்தல் ஆகாது. மருத்துவ மாணவர்களே, இளம் எழுத்தாளர்களே, ஒரு பக்கம் எழுதுங்கள். தமிழிலும் சிங்களத்திலும் எழுதுங்கள். அந்த ஒரு பக்கம் ஒரு பெண்ணின் முகத்தை ஊசியிலிருந்து காத்தாலும், இன்னொரு பெண்ணின் தழும்பை ஊசியால் ஆற்றினாலும், அது மக்கள் கொடுத்த கல்விக்கு நாம் திருப்பிச் செலுத்தும் கடனின் முதல் தவணையாகும்.