ஓய்வு என்று எதைச் சொல்கிறோம்?

தேர்வு நெருங்கும்போது விடுதி அறைகளில் அடிக்கடி கேட்கும் வாக்கியம் ஒன்று உண்டு: "கொஞ்ச நேரம் ரெஸ்ட் எடுத்துட்டுப் படிக்கிறேன்." சொன்னவர் மடிக்கணினியை மூடுகிறார், கட்டிலில் சாய்கிறார், கைப்பேசியைக் கையில் எடுக்கிறார். அரைமணி நேரம் கழித்து மீண்டும் பாடத்தைத் திறந்தால் ஒரே பத்தியை மூன்று முறை படிக்க வேண்டியிருக்கிறது. 'எனக்குப் படிப்பே வராது, நான் சோம்பேறி' என்று தம்மைத் தாமே நொந்துகொள்கிறார். மாணவ நண்பர்களே, இதில் பெரும்பகுதி சோம்பலே அன்று என்பது என் கருத்து. அவர் ஓய்வெடுக்கவே இல்லை. பெரிய திரையிலிருந்து சிறிய திரைக்கு மாறினார், அவ்வளவுதான்.

அமெரிக்காவின் மிச்சிகன் பல்கலைக்கழக உளவியலாளர்களான ரேச்சல் கப்லன், ஸ்டீபன் கப்லன் தம்பதியர் 1989-இல் வெளியிட்ட நூலில் இதற்கு ஒரு விளக்கம் தந்தனர். நாமாக முயன்று ஒன்றின்மீது செலுத்தும் கவனம் ஒரு வகை. தானாக ஈர்க்கப்படும் கவனம் இன்னொரு வகை. பாடம் படிக்க முதல் வகை வேண்டும். குறுக்கே வரும் நினைவுகளையும் ஓசைகளையும் ஓயாமல் தள்ளி வைத்துக்கொண்டே இருக்க வேண்டியிருப்பதால் அது களைத்துப் போகிறது. களைத்தபின் எரிச்சல் வருகிறது, மறதி வருகிறது. இரண்டாம் வகைக் கவனம் வேலை செய்யும்போதுதான் முதலாவது இளைப்பாறும். ஆனால் அந்த ஈர்ப்பு மென்மையானதாக இருக்க வேண்டும் என்றார்கள் அவர்கள். காற்றில் அசையும் கிளையும் கல்லில் மோதி ஓடும் நீரும் கண்ணை இழுக்கும், பதில் கேட்கமாட்டா. புலனத்தில் வரும் செய்தி பதில் கேட்கும். காணொளி ஒன்று முடியும் முன்னே அடுத்தது வந்து நிற்கும். பார்ப்பதா, தள்ளுவதா என்று மூளை முடிவெடுத்துக்கொண்டே இருக்க வேண்டும். அதற்குப் பெயர் ஓய்வா?

மார்க் பெர்மன் என்பவரும் ஸ்டீபன் கப்லன் உள்ளிட்ட அவருடைய சக ஆய்வாளர்களும் 2008-இல் வெளியிட்ட ஆய்வு, நம்மைப் போன்ற மாணவர்களை வைத்தே நடந்தது. 38 பேரை முதலில் களைப்பூட்டும் பணி ஒன்றில் ஈடுபடுத்தினர். பிறகு ஏறத்தாழ 50 நிமிடம் நடக்கச் சொன்னார்கள். ஒருமுறை மரத்தோட்டத்தில், ஒரு வாரம் கழித்து நகரச் சாலையில். சிலருக்கு இது மாற்றி அமைந்தது. திரும்பி வந்ததும் எண்களைக் கேட்டுத் தலைகீழ் வரிசையில் சொல்லும் சோதனை. மரங்களிடையே நடந்து வந்தபோது அவர்கள் கூடுதலாக நினைவில் வைத்திருந்தனர். எனக்குப் பிடித்த செய்தி வேறு: குளிர்காலத்தில் நடந்தவர்களுக்கும் பலன் கிடைத்தது. நடையை ரசித்தால்தான் பயன் என்பதில்லை.

38 பேர் சிறிய எண்ணிக்கைதான். பின்னர் வந்த ஆய்வுகள் எல்லாமும் ஒரே குரலில் பேசவில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். மரத்தடியில் அமர்ந்தால் முதல் வகுப்புத் தேர்ச்சி என்று யாரும் உறுதி தர முடியாது. கண் எரிச்சலுக்கு வேறு மருந்து உண்டு: 20 நிமிடத்துக்கு ஒருமுறை 20 அடி தொலைவில் இருப்பதை 20 விநாடி பார்ப்பது. திரையைப் பார்க்கும்போது நாம் இமைப்பதுகூடக் குறைந்துவிடுகிறது. எனினும் அது கண்ணுக்கு. களைத்த கவனத்துக்கு இருபது விநாடி போதாது.

இந்த நாட்டுத் தமிழருக்கு மரங்களோடு ஒரு பழைய கணக்கு இருக்கிறது. நம் தாத்தா பாட்டிமார் பலருக்கு மரம் என்றால் பால்மரம். காடு என்றால் வேலை. விடியுமுன் பெரட்டுக்கு ஓடி, கொசுக்கடியில் மரம் மரமாகச் சீவியவர்கள், "நீயாச்சும் படிச்சு ஏர்கோன் ரூம்ல உக்காரணும்" என்று பிள்ளைகளிடம் சொன்னதில் என்ன தவறு? அதனால்தான் நம் வீடுகளில் அறைக்குள் இருப்பவன் படிக்கிறான், வெளியே நடப்பவன் சுற்றுகிறான். அந்த ஆசை நிறைவேறிவிட்டது. உள்ளே உட்கார்ந்துவிட்டோம். 2020-இல் நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை வந்தபோது அந்த அறையே வகுப்பறையும் ஆயிற்று. பலருக்கு இன்றுவரை அது மாறவில்லை.

மலாயாப் பல்கலைக்கழக வளாகத்திலேயே ரிம்பா இல்மு என்னும் தாவரவியல் தோட்டம் 1974 முதல் இருக்கிறது. பெயரின் பொருள் அறிவுக் காடு. பரப்பு 80 ஹெக்டர். அதற்குள் பழைய இரப்பர் மரங்களும் நிற்கின்றன. தாத்தா வேலைக்குப் போன காட்டின் ஒரு துண்டில் பேரப்பிள்ளை சும்மா நடக்கலாம். இன்னொன்றும் சொல்ல வேண்டும். குறிஞ்சிப்பாட்டின் 99 பூக்களை மேடையில் மூச்சுவிடாமல் ஒப்பித்துப் பரிசு வாங்கும் நாம், விடுதி வாசலில் நிற்கும் மரத்தின் பெயரை அறியோம். சாலையோரத்தில் மஞ்சள் பூக்களை உதிர்த்து நிற்கும் அங்சானா, அந்தப் பட்டியலில் உள்ள வேங்கையின் நெருங்கிய இனம். மாலையில் இலை மடித்துக்கொள்ளும் பெரிய மழைமரத்தைத் தமிழில் தூங்குமூஞ்சி மரம் என்பார்கள்.

தமிழ்ப் பேரவைகள் ஆண்டுதோறும் ஊக்கமூட்டும் சொற்பொழிவுகளுக்கு மண்டபம் எடுக்கின்றன. குளிரூட்டிய அறையில், வெண்திரைக்கு முன்னால், 'மன அழுத்தத்தை வெல்வது எப்படி' என்று இரண்டு மணி நேரம். அவற்றுள் ஒன்றைக் கைவிட்டு, தேர்வுக்கு முந்திய வாரத்தில் மூன்று காலைகள் நடை வைக்கலாமே. ஒரு மணி நேரம் போதும். சேர்ந்து போனால் தங்கைமார்களும் தயங்காமல் வருவார்கள். கைப்பேசி பைக்குள் இருக்கட்டும், குழுப்படம் வேண்டாம். மூத்த மாணவர் ஒருவர் ஐந்து மரங்களின் தமிழ்ப் பெயரை முன்கூட்டியே தெரிந்து வந்தால் நல்லது. மாலையை விடக் காலையே ஏற்றது. மதியத்துக்குமேல் இங்கே மழையை நம்ப முடியாது.